ஏட்டுச்சுவடியும் படச்சுருளும்: ஆவணப்பட ஆக்கத்தில் பழங்காட்சித் தேடலின் பங்கு
(ஏ. கே. செட்டியாரின் காந்தி படத்தை முன்வைத்து ஓர் ஆய்வு)

முன்னுரை

வரலாற்றை நூல்வழி அறிந்தோரைவிடத் திரைவழி அறிந்தோர் இன்று பெருகிவிட்டனர். வகுப்பறைகளிலும் தொலைக்காட்சியிலும் காட்டப்பெறும் ஆவணப்படங்களில் பழைய காட்சிகள் இடம்பெறுமிடத்து, அவற்றை நாம் சான்றாகவே ஏற்றுக்கொள்கிறோம். எழுத்தில் ஒரு செய்தியைக் கண்டால் 'ஆதாரம் எது?' என வினவும் நாம், அசையும் படத்தைக் கண்டால் அவ்வாறு வினவுவதில்லை. அக்காட்சியை எடுத்தவர் யார், எவர் பொருட்டு எடுத்தார், எந்தச் சுருளிலிருந்து வெட்டப்பட்டு இங்கு ஒட்டப்பட்டது என்னும் வினாக்கள் எழாமலே போய்விடுகின்றன.

இவ்வினாக்களுக்கு விடை காணும் பணியே பழங்காட்சித் தேடல். திரைத்துறையில் இதனைத் துணைவேலையாகக் கருதும் போக்கு உண்டு. உரை எழுதி முடித்தபின், அதற்குப் பொருத்தமான படங்களைக் கொண்டுவந்து சேர்ப்பவரே காட்சி ஆய்வாளர் எனப் பலரும் எண்ணுகின்றனர். இக்கருத்து மறுபரிசீலனைக்குரியது என்பதே இக்கட்டுரையின் துணிபு. பழங்காட்சித் தேடல் சுவடிப் பதிப்பை ஒத்த ஒரு வரலாற்றுப் பணி. சுவடிப் பதிப்பில் நூற்றாண்டுக்கு மேற்பட்ட பயிற்சியுடைய தமிழ்ப் புலமை மரபு, இத்துறைக்கு வேண்டிய நெறிகளைத் தன்னகத்தே கொண்டுள்ளது. இதனை ஏ. கே. செட்டியார் உருவாக்கிய காந்தி ஆவணப்படத்தையும், பிறநாட்டு முயற்சிகள் சிலவற்றையும் கொண்டு நிறுவ முற்படுகிறோம். இறுதியில் மலாயாத் தமிழரைக் காட்டும் பழங்காட்சிகளின் நிலையையும் சுருக்கமாக நோக்குவோம்.

பழங்காட்சியை மூலமாகக் கொள்ளல்

படச்சுருள் ஒரு வரலாற்று மூலம் என்னும் எண்ணம் திரைக்கலையின் தொடக்கத்திலேயே தோன்றிவிட்டது. லூமியேர் சகோதரர்களின் படங்கள் 1895இல் பாரிசில் மக்கள்முன் காட்டப்பெற்றன. மூன்றே ஆண்டுகளில், 1898இல், போலந்து நாட்டவரான போலஸ்வாவ் மத்துஷெவ்ஸ்கி, வரலாற்றுக்குப் புதியதொரு மூலம் கிடைத்துள்ளது என்றும், படச்சுருள்களுக்கெனத் தனிக் காப்பகம் அமைத்தல் வேண்டும் என்றும் பாரிசில் சிறுநூல் எழுதி வெளியிட்டார்.

அவ்வேண்டுகோள் உடனடியாகச் செவிமடுக்கப்படவில்லை. செய்திப்படம் அக்காலத்தில் அழியும் சரக்காகவே கருதப்பட்டது. சில வாரங்கள் அரங்குகளில் ஓடியபின் அதற்கு விலையில்லை. அன்றியும், 1950களின் தொடக்கம் வரை பெருவழக்கிலிருந்த நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றக் கூடியது. தீப்பற்றாவிடினும் காலப்போக்கில் பிசுபிசுத்துப் பொடியாகிவிடும். பனையோலைக்குச் செல்லும் கறையானும் எவ்வாறோ, அவ்வாறே படச்சுருளுக்கு நெருப்பும் ஈரமும். எஞ்சியவற்றைத் தேடித் தொகுக்க ஒருவர் முன்வரும்வரை அவை கேட்பாரற்றுக் கிடந்தன.

அவ்வாறு முன்வந்தோருள் முதன்மையானவர் சோவியத்துப் படத்தொகுப்பாளர் எஸ்ஃபிர் ஷூப். 1927இல் வெளிவந்த 'ரொமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி' என்னும் அவரது படத்தின் பெரும்பகுதி, பிறர் எடுத்துக் கைவிட்ட பழைய சுருள்களால் ஆனது. ஈரமான கிடங்குகளில் கிடந்த செய்திப்படங்களையும், ஜார் மன்னரின் குடும்பத்திற்கென எடுக்கப்பட்ட தனிப்படங்களையும் அவர் தேடி எடுத்தார். ஏறத்தாழ 60,000 மீட்டர் நீளமுள்ள சுருள்களைப் பார்வையிட்டு, அதிலிருந்து சில ஆயிரம் மீட்டரைத் தெரிந்து, இறுதியில் ஏறத்தாழ 1,500 மீட்டர் நீளமுள்ள படத்தை உருவாக்கினார் என்பர். அரசகுடும்பத்தின் பெருமையைக் காட்ட எடுக்கப்பட்ட காட்சிகளே, அக்குடும்பத்தின் வீழ்ச்சியை விளக்கும் சான்றுகளாயின. காட்சி மாறவில்லை, அதனருகே வைக்கப்பட்ட காட்சியும் விளக்கவுரையும் மாறின.

இங்கு நம் மரபின் 'மூலம்', 'உரை' என்னும் பாகுபாடு நினைவுகூரத்தக்கது. செய்திப்படத்தில் காட்சி மூலமாகவும், அதனுடன் வரும் பேச்சோ எழுத்தோ உரையாகவும் அமைகின்றன. ஒரே மூலத்திற்கு மாறுபட்ட உரைகள் எழுதப்படலாம். உரையாசிரியரின் கூற்றை மூலத்தின் கூற்றாக மயங்குதல் ஆகாது என்பதை நாம் மாணாக்கர்க்குக் கற்பிக்கிறோம். ஆவணப்படத்திற்கும் இப்பாடம் பொருந்தும்.

ஏ. கே. செட்டியாரின் தேடல்

தமிழில் இத்தகு முயற்சியை மேற்கொண்ட முன்னோடி ஏ. கே. செட்டியார் (1911–1983). செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்த அவர், இரங்கூனில் 'தனவணிகன்' இதழின் ஆசிரியராகப் பணியாற்றியவர். பின்னர் டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றார். 1937 அக்டோபர் 2ஆம் நாள், காந்தியடிகளின் பிறந்தநாளன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் சென்றுகொண்டிருந்தபோது, அடிகளைப் பற்றி ஓர் ஆவணப்படம் உருவாக்கும் எண்ணம் அவருக்குத் தோன்றியது. அப்போது அவருக்கு அகவை இருபத்தாறுகூட நிரம்பவில்லை.

காந்தியடிகள் அன்று வாழ்ந்துகொண்டிருந்தவர். புதிதாகப் படமெடுத்துக் காட்டுவதே எளிய வழியாக இருந்திருக்கும். செட்டியாரோ, முன்னரே பலரால் எடுக்கப்பட்டு உலகெங்கும் சிதறிக்கிடந்த காட்சிகளைத் திரட்டுவதை முதன்மைப் பணியாகக் கொண்டார். இத்தேர்வே அவரை வரலாற்று ஆய்வாளர் வரிசையில் வைக்கிறது. கடந்துபோன நிகழ்ச்சியை மீண்டும் படமெடுக்க இயலாது; அது நிகழ்ந்தபோது எடுக்கப்பட்ட சுருள் எங்கேனும் இருந்தால் அதனைத் தேடிச் செல்வதொன்றே வழி.

காட்சிகள் சிதறிக்கிடந்தமைக்குக் காரணம் அடிகளின் வாழ்வே. 1893 முதல் 1914 வரையுள்ள காலத்தின் பெரும்பகுதியை அவர் தென்னாப்பிரிக்காவில் கழித்தார். 1930இல் தண்டி யாத்திரை நிகழ்ந்தபோது அதனைப் படமெடுத்தோர் உண்டு; ஆனால் அக்காட்சிகளைக் கொண்ட படங்களை இந்திய மாகாண அரசுகள் தடைசெய்தன. 1931இல் குஜராத்தின் போர்சாத்தில் அமெரிக்க நிறுவனமான ஃபாக்ஸ் மூவிடோன் அவரது பேச்சை ஒலியுடன் பதிவுசெய்தது. அவ்வாண்டே வட்டமேசை மாநாட்டிற்காக இலண்டன் சென்றபோது, அந்நாட்டுச் செய்திப்பட நிறுவனங்கள் அவரைப் பின்தொடர்ந்தன. திரும்பும் வழியில் சுவிட்சர்லாந்தில் ரொமேன் ரோலாந்தைச் சந்தித்தார், உரோமாபுரிக்கும் சென்றார். ஆக, இந்தியத் தலைவர் ஒருவரின் வாழ்வைக் காட்டும் சுருள்கள் பிறநாட்டு நகரங்களின் நிறுவனக் கிடங்குகளில் இருந்தன. உள்நாட்டில் தடைக்குள்ளானவை வெளிநாட்டில் எஞ்சியிருக்க வாய்ப்பிருந்தது.

ஏறத்தாழ மூன்றாண்டுகளில் செட்டியார் ஒரு இலட்சம் மைல் பயணம் செய்து, 50,000 அடி நீளமுள்ள காட்சிகளைத் திரட்டினார் எனவும், அவற்றிலிருந்து 12,000 அடிப் படத்தைத் தொகுத்தார் எனவும் அறிகிறோம். இவ்வெண்களின் பொருளைச் சற்று விளக்குதல் பயனுடையது. முப்பத்தைந்து மில்லிமீட்டர்ப் பேசும்படச் சுருள் நிமிடத்திற்கு 90 அடி ஓடும். அக்கணக்கில் 50,000 அடி என்பது ஒன்பது மணி நேரத்திற்கும் மேற்பட்டது. 12,000 அடி என்பது இரண்டே கால் மணி நேரத்திற்குச் சற்றுக் குறைவு. நான்கு அடி திரட்டி ஓரடி கொண்டார் எனலாம். எதனை விடுவது என்னும் தீர்ப்பு இவ்விகிதத்தினுள் அடங்கியுள்ளது.

தேடிக் கண்டமையோடு பணி முடிவதில்லை. பேசாப்படக் காலத்துக் கருவிகள் பெரும்பாலும் நொடிக்குப் பதினாறு முதல் இருபது சட்டங்களை எடுத்தன. பேசும்படக் கருவியோ நொடிக்கு இருபத்து நான்கு சட்டங்களைக் காட்டும். பழைய சுருளைப் புதிய கருவியில் ஓட்டினால் மனிதர்கள் பொம்மைகளைப்போல் விரைந்து நடப்பர். பெருமிதத்துடன் நடந்த ஊர்வலம் நகைப்புக்குரியதாகிவிடும். பழங்காட்சிகளைக் கொண்டு பேசும்படம் தொகுப்போர் எவரும் இச்சிக்கலைத் தீர்த்தே ஆகவேண்டும். இது தொழில்நுட்பச் செய்தியாகத் தோன்றினும், ஒரு மனிதரின் நடையையும் அசைவையும் உள்ளவாறு காட்டுதல் என்னும் வரலாற்று நேர்மை இதில் அடங்கியுள்ளது.

படம் 1940 ஆகஸ்டு 23ஆம் நாள் தமிழ் விளக்கவுரையுடன் வெளியிடப்பட்டது. டி. கே. பட்டம்மாளின் பாடலும் அதில் இடம்பெற்றது. பின்னர்த் தெலுங்கிலும் படம் அமைந்தது. அயல்நாட்டார் தம் நாட்டு மக்களுக்கென எடுத்த காட்சிகளுக்கு, அவர்தம் உரையை நீக்கித் தமிழுரை வகுத்தமை இதன் தனிச்சிறப்பு. இலண்டன் அரங்குகளில் விந்தை மனிதராகக் காட்டப்பெற்றவர், அதே காட்சியில் தமிழ் மக்களின் தலைவராக எழுந்தார்.

படம் மறைந்ததும் தேடலின் பதிவு எஞ்சியதும்

படம் வெளிவந்த காலம் உலகப்போர்க் காலம். 1940 அக்டோபரில் தனிநபர் சத்தியாக்கிரகமும், 1942 ஆகஸ்டில் 'வெள்ளையனே வெளியேறு' இயக்கமும் தொடங்கின. இச்சூழலில் காந்தியடிகளைப் பற்றிய படமொன்று தடையின்றி உலவ இயலாது என்பது வெளிப்படை. விடுதலைக்குப்பின் 1953இல் ஆலிவுட்டில் ஆங்கில விளக்கவுரையுடன் அது மறுதொகுப்புச் செய்யப்பட்டது. காலப்போக்கில் மூலத் தமிழ்ப்படம் கண்ணுக்கு எட்டாமற் போயிற்று.

உலகெங்கும் அலைந்து பிறர் கைவிட்ட சுருள்களைக் காத்தவரின் சொந்தப் படச்சுருளே காக்கப்படவில்லை என்பது எண்ணத்தக்கது. இந்தியத் தேசியத் திரைப்படக் காப்பகம் புனேயில் நிறுவப்பட்டது 1964இல்தான். அதற்கு முந்தைய கால்நூற்றாண்டில் ஒரு தனிமனிதரின் தொகுப்பைக் காக்கும் பொது அமைப்பு எதுவும் இருக்கவில்லை.

ஆயினும் ஒன்று எஞ்சியது. செட்டியார் தாம் நெடுங்காலம் நடத்திய 'குமரி மலர்' இதழில், காட்சிகளைத் தேடிச் சென்ற அனுபவங்களைக் கட்டுரைகளாக எழுதினார். அவற்றை வரலாற்றாசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதி பதிப்பித்து 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்னும் நூலாக 2003இல் வெளிவரச் செய்தார். ஆங்கில வடிவத்தின் சுருக்கப் பிரதியொன்று அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் இருப்பதும் 2006ஆம் ஆண்டளவில் அவர்தம் முயற்சியால் தெரியவந்தது. அதாவது, காந்தியைத் தேடிய செட்டியாரைப் பின்னொருவர் தேட வேண்டியதாயிற்று.

இதிலிருந்து நாம் பெறும் பாடம் தெளிவானது. தேடலின் பதிவு படத்தினும் நீண்ட ஆயுள் உடையது. எந்தச் சுருள் எங்குக் கிடைத்தது, எவர் கொடுத்தார், எது கிடைக்கவில்லை என எழுதிவைக்கும் குறிப்பேடு, படம் அழிந்தபின்னும் அதனை மீட்க வழிகாட்டும். உ. வே. சாமிநாதையரும் சி. வை. தாமோதரம் பிள்ளையும் தம் பதிப்புகளின் முகவுரைகளில் ஏடு கிடைத்த ஊர்களையும் கொடுத்தோரையும் குறித்துவைத்தமை வெறும் நன்றியுரை அன்று. பின்வருவோர்க்கு அது வழித்தடம். நம் ஆவணப்படங்களின் இறுதியில் ஓடும் பெயர்ப்பட்டியலில் 'பழங்காட்சிகள் உதவி' என ஒற்றை வரி காட்டி நிறுத்திவிடுவது இம்மரபுக்குப் பொருந்தாது.

இடைச்செருகல்

சுவடிப் பதிப்பாளர் அஞ்சும் முதற்பகை இடைச்செருகல். படச்சுருளிலும் அது உண்டு. 1916இல் பிரித்தானியாவில் வெளியிடப்பட்ட 'சோம் போர்' என்னும் படத்தில், வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாய்வதும், ஒருவர் சுடப்பட்டுச் சரிவதும் காட்டப்படுகின்றன. முதலாம் உலகப்போரைப் பற்றிய எண்ணற்ற ஆவணப்படங்களில் இக்காட்சி எடுத்தாளப்பட்டுள்ளது. ஆனால், இது போர்முனைக்குப் பின்னால் நடித்து எடுக்கப்பட்டது என்பதே ஆய்வாளர் முடிபு. அப்படத்தின் பிற பகுதிகளில் மெய்யான போர்க்களக் காட்சிகள் மிகுதியாக உள்ளன. ஒரே நூலில் மூலமும் இடைச்செருகலும் கலந்திருப்பதைப் போன்றது இது. 1964இல் பிபிசி 26 பகுதிகளாக 'மாபெரும் போர்' தொடரை ஒளிபரப்பியபோது, நடிப்புக் காட்சிகளை வேறுபடுத்திக் காட்ட வேண்டும் என இலண்டன் ஏகாதிபத்தியப் போர் அருங்காட்சியகத்தின் இயக்குநர் நோபல் பிராங்க்லாண்ட் வற்புறுத்தியமை இத்துறையின் அறநெறிக்கு ஒரு மைல்கல்.

இதனினும் கொடிய எடுத்துக்காட்டு வார்சா நகரத்தது. 1942 மே மாதம், நாஜிப் படப்பிடிப்புக் குழுவினர் அங்கு யூதர் அடைக்கப்பட்டிருந்த பகுதியைப் படமெடுத்தனர். முற்றுப்பெறாத அப்படம் போருக்குப்பின் கிழக்கு செருமனியின் காப்பகத்தில் கிடைத்தது. வளமாக உண்டு களிக்கும் யூதர்களையும், அருகே பசியால் மடியும் யூதர்களையும் அது அடுத்தடுத்துக் காட்டியது. அதன் பகுதிகள் பல ஆவணப்படங்களில் சான்றாக எடுத்தாளப்பட்டன. 1998இல், தொகுப்பில் சேர்க்காது விடப்பட்ட காட்சிகள் அடங்கிய வேறொரு சுருள் கிடைத்தது. ஒரே காட்சி திரும்பத் திரும்ப எடுக்கப்பட்டிருப்பதும், படப்பிடிப்பாளரே சட்டத்தினுள் தோன்றிவிடுவதும் அதில் பதிவாகியிருந்தன. களிப்புக் காட்சிகள் வற்புறுத்தி நடிக்கவைக்கப்பட்டவை என்பது இதனால் உறுதியாயிற்று. அப்பகுதியின் யூதர் மன்றத் தலைவர் ஆடம் செர்னியாகோவ் எழுதிய நாட்குறிப்பும், தம் இல்லத்தில் நடந்த படப்பிடிப்பைக் குறிப்பிடுகிறது. இவற்றையெல்லாம் ஒப்புநோக்கி யாயேல் ஹெர்சோன்ஸ்கி 2010இல் தனியொரு ஆவணப்படம் உருவாக்கினார்.

இங்குக் கையாளப்பட்ட முறை பாடபேத ஆய்வே. ஒரு பிரதியை மட்டும் நம்பாமல் வேறு பிரதிகளைத் தேடுதல், அவற்றை வரிக்கு வரி ஒப்பிடுதல், புறச்சான்றுகளுடன் பொருத்திப் பார்த்தல் ஆகிய மூன்றும் நம் பதிப்பாசிரியர்கள் கைக்கொண்டவை. ஏட்டின் எழுத்தமைதி கொண்டு காலம் கணிப்பதைப்போல், சுருளின் ஓரத்தைக் கொண்டும் காலம் கணிக்கலாம். கோடாக் நிறுவனம் 1916 முதல் தன் சுருள்களின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் போன்ற குறிகளைப் பொறித்தது. அக்குறி சுருள் உற்பத்தியான ஆண்டைக் காட்டும். ஆனால் இருபது ஆண்டுகளுக்கு ஒருமுறை அதே குறி மீளும். எனவே, ஓரக்குறியை மட்டும் கொண்டு 1916ஐ 1936 எனக் கொள்ளும் பிழை நேரலாம். படத்தினுள் தோன்றும் வண்டி, உடை, கட்டடம், விளம்பரப் பலகை ஆகிய அகச்சான்றுகள் அதனைத் தீர்க்கும்.

மலாயாத் தமிழரும் பழங்காட்சிகளும்

இவ்வாராய்ச்சி நமக்கு நெருக்கமானதொரு வினாவிற்கு இட்டுச்செல்கிறது. மலாயாவிலும் சிங்கப்பூரிலும் வாழ்ந்த தமிழரைக் காட்டும் காட்சிகள் எங்குள்ளன? காலனியாட்சிக் காலத்தில் எடுக்கப்பட்டவற்றில் கணிசமானவை பிரித்தானியக் காப்பகங்களில் உள்ளன. 1946இல் மலாயன் பிலிம் யூனிட் தொடங்கப்பட்டபின் உள்நாட்டிலேயே படங்கள் எடுக்கப்பட்டன. பின்னாளில் பிலெம் நெகாரா எனப் பெயர்பெற்ற அந்நிறுவனம் 2013இல் பினாஸுடன் இணைக்கப்பட்டது. 1957இல் தோன்றிய மலேசியத் தேசிய ஆவணக் காப்பகமும், 1968இல் தோன்றிய சிங்கப்பூர்த் தேசிய ஆவணக் காப்பகமும், 2005இல் சிங்கப்பூரில் நிறுவப்பட்ட ஆசியத் திரைப்படக் காப்பகமும் நாம் நாடத்தக்கவை. பிரித்தானியப் பேரரசின் படங்களை அட்டவணைப்படுத்தும் திட்டமொன்று 6,000க்கும் மேற்பட்ட தலைப்புகளை 2010இல் இணையத்தில் வெளியிட்டது. பிரிட்டிஷ் பாத்தே நிறுவனம் 2014இல் 85,000 படங்களை யூடியூபில் ஏற்றியது. செட்டியார் கப்பலேறிச் சென்று தேடியவற்றுள் ஒரு பகுதியை இன்று இருந்த இடத்திலிருந்தே பார்க்கலாம்.

வாய்ப்பு பெருகியுள்ளது, தடையும் உள்ளது. அட்டவணைகள் எடுத்தவரின் நோக்கில் எழுதப்பட்டவை. இரப்பர்த் தொழிலைப் பற்றிய படத்தில் மரம் சீவுவோர் தமிழராயினும், அட்டவணையில் 'இரப்பர்' என்னும் சொல்லே தலைப்பாகும். தொழிலாளியின் பெயரோ தோட்டத்தின் பெயரோ பெரும்பாலும் இராது. 'தமிழர்' எனத் தேடுவார்க்கு அப்படம் அகப்படாது. துறைமுகம், இரயில்பாதை, நகராட்சி, நோய்த்தடுப்பு என்னும் தலைப்புகளின்கீழ் நாம் தேட வேண்டியவர்களாக உள்ளோம். காட்சியில் தெரியும் கோயிலை, பெயர்ப்பலகையை, பின்னணியில் கேட்கும் பேச்சை அடையாளங்காண, மொழியும் இடமும் அறிந்த ஒருவர் வேண்டும். அப்பணி தமிழாசிரியருக்கும் ஆய்வாளருக்கும் உரியது. அக்கால வாழ்வை நேரில் அறிந்த முதியோர் குறைந்துவருவதால், காலம் தாழ்த்தவும் இயலாது.

எல்லாவற்றிற்கும் காட்சி கிடைக்கும் எனவும் எதிர்பார்த்தல் கூடாது. 1942–43இல் சப்பானியர் அமைத்த 415 கிலோமீட்டர் நீளச் சயாம்–பர்மா இரயில்பாதையில் 60,000க்கும் மேற்பட்ட நேசநாட்டுப் போர்க்கைதிகள் வேலை வாங்கப்பட்டனர். 12,000க்கும் மேற்பட்டோர் மாண்டனர். அவர்தம் துயரத்திற்குப் படங்களும் ஓவியங்களும் நாட்குறிப்புகளும் எஞ்சியுள்ளன. அவர்களினும் பன்மடங்கான ஆசியத் தொழிலாளர் அங்கு உழன்றனர். மலாயாவிலிருந்து சென்றோருள் பெரும்பாலோர் தோட்டத் தமிழர். மாண்டோரின் தொகை பல்லாயிரம் என்பது ஒருதலை. அவர்களைக் காட்டும் காட்சிகளோ மிக அரியவை. இந்நிலையில், தமிழ்த் தொழிலாளரைப் பற்றிய உரை ஒலிக்கையில் வெள்ளைப் போர்க்கைதிகளின் படத்தையோ, வேறிடத்துத் தோட்டக் காட்சியையோ காட்டி இடத்தை நிரப்பும் ஆசை ஆவணப்படம் எடுப்போர்க்கு எழுவது இயல்பு. அதுவும் இடைச்செருகலே. அத்துடன், காட்சி இல்லை என்னும் உண்மையையே அது மறைத்துவிடுகிறது. ஒரு தரப்பாரின் துன்பம் படமாக்கப்பட்டது, இன்னொரு தரப்பாரின் துன்பம் படமாக்கப்படவில்லை என்பது தன்னளவில் ஒரு வரலாற்றுச் செய்தி.

இதற்கும் பதிப்பு மரபு வழிகாட்டுகிறது. பரிபாடல் எழுபது எனக் கூறப்படினும் முழுமையாகக் கிடைத்தவை இருபத்திரண்டே. ஏடு சிதைந்த இடங்களில் பதிப்பாசிரியர் தாமே பாடலை இயற்றிச் சேர்க்கவில்லை. புள்ளியிட்டுக் காட்டி நிறுத்தினர். அப்புள்ளிகள் இழப்பின் அளவைப் படிப்போர்க்கு உணர்த்துகின்றன. ஆவணப்படத்திலும் காட்சியற்ற இடத்தில் ஒரு முதியவரின் குரலையோ, இன்றைய நிலத்தையோ, வெறுந்திரையையோ காட்டி, இங்குப் படமில்லை என வெளிப்படையாகச் சொல்லலாம்.

முடிவுரை

பழங்காட்சித் தேடல், எழுதி முடித்த வரலாற்றுக்கு அணிசேர்க்கும் வேலையன்று என்பதை மேற்கண்ட எடுத்துக்காட்டுகள் உணர்த்துகின்றன. தேடல், தெரிவு, ஒப்புநோக்கு, உரை வகுத்தல், இழப்பைக் குறித்தல் ஆகிய ஐந்தும் இதில் அடங்கும். இவ்வைந்தும் தமிழ்ப் பதிப்பாசிரியர்கள் ஏட்டுச்சுவடியில் பயின்று காட்டியவை. ஆதலின் இத்துறை தமிழ் கற்றோர்க்கு அயலானதன்று.

வகுப்பறையில் ஆவணப்படம் காட்டும் ஆசிரியர், படம் முடிந்தபின் ஒரு காட்சியையேனும் நிறுத்தி வைத்து, எடுத்தவர் யார், காலம் எது, உரை யாருடையது என மாணாக்கரை வினவலாம். ஆய்வாளர் தாம் கண்ட காட்சிகளின் இருப்பிடத்தையும் அடையாளத்தையும் தமிழில் அட்டவணைப்படுத்தி இதழ்களில் வெளியிடலாம். செட்டியாரின் தமிழ்ப்படம் நமக்குக் கிட்டாதுபோயினும், அதனைத் தேடுதற்குரிய குறிப்புகள் அவர் எழுதிவைத்தமையால் நம்மிடம் உள்ளன. மலாயாத் தமிழரின் காட்சிகளைப் பொறுத்தமட்டில் அத்தகு குறிப்பேடு இனிமேல்தான் எழுதப்பட வேண்டும்.